‘பேசும் பத்ரி’ நல்ல அரசர்தானா? டெஹ்ரி கர்வால் சமஸ்தானம் பற்றி

கங்கைக்கரை எழுதியது:

போன மே மாதம் அம்மாவைக் கூட்டிக்கொண்டு சார்தாம் என்ற இமயமலை நான்கு தல யாத்திரை போய் வந்தேன். யமுனோத்ரியில் தொடங்கி பத்ரிநாத்தில் முடித்தோம். பத்ரிநாத்தான் திருவதரி திவ்யதேசம் என்பதால் அம்மாவுக்கு அது ஐம்பது வருட ஆசை. திரும்பும்போது ஒருநாள் நரேந்திர நகர் போய், இன்றைய உத்தராகண்டில் இருந்த டெஹ்ரி கர்வால் சமஸ்தான மன்னர்களின் அரண்மனையை வெளியே நின்று பார்த்தோம். பத்ரிநாத் கோயில் நடை எந்த நாளில் திறக்க வேண்டும் என்பதை இன்றும் வசந்த பஞ்சமி அன்று இந்த அரண்மனையில்தான் குறிக்கிறார்கள். பெருமாள் திருமேனிக்குச் சாத்தும் எள்ளெண்ணெயை அரச குடும்பத்து ராணியும் சுமங்கலிகளும் மஞ்சள் உடை உடுத்தி, தங்கள் கையாலேயே பிழிந்து குடத்தில் அனுப்புகிறார்கள். சமஸ்தானம் போய் முக்கால் நூற்றாண்டு ஆன பின்னும் இது நிற்கவில்லை.

அந்த மன்னர்களை மக்கள் ‘போலாந்தா பத்ரி’ என்றார்கள். பேசும் பத்ரிநாதர் என்று பொருள். 1804இல் கூர்க்காக்களோடு டேராடூன் பக்கம் குர்புராவில் போரிட்டு மன்னர் பிரத்யும்ன ஷா களத்திலேயே விழுந்தார். பதினொரு வருடம் நாடில்லாமல் இருந்த அவர் மகன் சுதர்சன் ஷா 1815இல் திரும்பி வந்து, பாகீரதியும் பிலங்கனாவும் கூடும் இடத்தில் டெஹ்ரி என்ற புதுத் தலைநகரை எழுப்பினார். கடைசி மன்னர் மானபேந்திர ஷாவை மக்கள் எட்டு முறை எம்.பி. ஆக்கினார்கள். சமஸ்தானம் என்றாலே வேட்டை, விருந்து, வீண்செலவு என்றுதான் நாம் படித்திருக்கிறோம். இந்த வம்சத்தை அந்தக் கணக்கில் சேர்ப்பது அநியாயம் என்று நினைக்கிறேன்.

செம்மண் எழுதியது:

கங்கைக்கரை ஐயா, அம்மாவின் ஆசை நிறைவேறியதில் மகிழ்ச்சி. ஆனால் நீங்கள் சொன்ன வரலாற்றில் ஒரு தேதி விடுபட்டிருக்கிறது. 1930 மே 30.

ரவாயின் என்பது சமஸ்தானத்தில் யமுனை ஓடும் மேற்குப் பகுதி. 1927-28 வாக்கில் சமஸ்தானம் காட்டு எல்லையை மறுபடி அளந்தது. வீட்டு வாசல் வரை காடு என்று கோடு போட்டார்கள். புல் அறுக்க, மாடு மேய்க்க, விறகு பொறுக்க எல்லாவற்றுக்கும் கட்டுப்பாடு. ஏன் தெரியுமா? தேவதாரு மரத்துக்கு ரயில்வே கொடுத்த விலை. ஹர்சிலில் வில்சன் என்ற வெள்ளைக்காரர் குத்தகைக்கு எடுத்து, மரத்தை வெட்டி பாகீரதியில் மிதக்கவிட்டு அனுப்பிய காலத்திலிருந்தே அந்த ருசி பிடித்துவிட்டது. மலைக்காரனுக்குக் காடு என்பது மாட்டுத் தீவனம், வயலுக்கு உரம், அடுப்புக்கு விறகு. அரசுக்கு அது காசு.

மக்கள் கூடி ஆசாத் பஞ்சாயத்து, அதாவது சுதந்திரப் பஞ்சாயத்து, அமைத்தார்கள். அந்த மே 30 அன்று திலாரி மைதானத்தில் கூட்டம் கூடியபோது திவான் சக்ரதர் ஜுயால் படையோடு வந்து சுட வைத்தார். தப்பிக்க யமுனையில் குதித்தவர்களும் உண்டு. செத்தவர்கள் நான்கு பேர் என்றது அரசு. இருநூறு வரை என்றார்கள் மற்றவர்கள். இரண்டில் எது சரியானாலும், பேசும் பத்ரி ஆண்ட நாட்டில் புல் கேட்டவனுக்குக் குண்டு கிடைத்தது.

கங்கைக்கரை எழுதியது:

திலாரியை நான் மறுக்கவில்லை. படிக்கும்போதே வயிற்றைப் பிசைகிறது. ஆனால் அப்போது மன்னர் நரேந்திர ஷா ஐரோப்பாவில் இருந்தார். ஊரில் இல்லாதவர் தலையில் எப்படி இந்தப் பழியைப் போடுவது? செய்தது திவான்.

டேராடூன் தமிழன் எழுதியது:

வேலைக்காக டேராடூன் வந்து பதினோரு வருடம் ஆகிறது. இங்கே மலைக்காரப் பெரியவர்களிடம் பேசும்போது அடிக்கடி காதில் விழும் சொல் ஒன்று உண்டு: ‘தண்டக்’. இது தெரியாமல் இந்த விவாதம் நகராது.

அதிகாரி கொடுமை செய்தால் கிராமத்து ஆட்கள் வேலையைப் போட்டுவிட்டுத் திரண்டு கிளம்புவார்கள். தலைநகருக்கே போய் ராஜாவின் முன் நின்று முறையிடுவார்கள். ராஜா அந்த அதிகாரியை மாற்றவோ தண்டிக்கவோ வேண்டும். அதுதான் வழக்கம். அது கலகம் இல்லை. ராஜாவுக்கும் குடிகளுக்கும் இருந்த உடன்பாடு என்றுதான் இரண்டு பக்கமும் எடுத்துக்கொண்டார்கள். 1906இல் சந்திரபதனி கோயில் பக்கம் வனத்துறைத் தலைவரையே ஆட்கள் சூழ்ந்து தாக்கினார்கள். ஆனால் அப்போது ஆண்ட கீர்த்தி ஷாவுக்கு எதிராக ஒரு சொல் எழவில்லை. காட்டை மூடச் சொன்னதே அரண்மனைதான் என்றாலும்!

ஆகவே ‘ராஜா நல்லவர், அதிகாரிதான் கெட்டவர்’ என்பது கங்கைக்கரை இன்று கண்டுபிடித்த வாதம் இல்லை. அந்த மக்களே அப்படித்தான் நம்பினார்கள்.

செம்மண் எழுதியது:

நன்றி டேராடூன் தமிழன். சரி, அந்த வழக்கத்தின் அளவுகோலிலேயே பார்ப்போம். தண்டக்கின் விதிப்படி ராஜா ஊர் திரும்பியதும் என்ன செய்திருக்க வேண்டும்? திவானை நீக்கியிருக்க வேண்டும். நீக்கவில்லை. மாறாக, திலாரிச் செய்தியை வெளியிட்ட டேராடூன் ‘கர்வாலி’ பத்திரிகை ஆசிரியர் விஸ்வம்பர் தத் சந்தோலா மீது வழக்குப் பாய்ந்தது. செய்தி தந்தவர் பெயரைச் சொல்ல அவர் மறுத்துவிட்டார். அதற்காகச் சிறை போனார். ஊரில் இல்லாதது குற்றமில்லை ஐயா. திரும்பி வந்த பிறகு செய்தது?

இன்னொன்று. அரசரின் சிறையிலேயே நடந்த கதையும் இருக்கிறது. ஸ்ரீதேவ் சுமன்.

மீனா_வகுப்பறை எழுதியது:

சுமன் பெயர் வந்ததால் நானும் உள்ளே வருகிறேன். பள்ளியில் வரலாறு எடுக்கிறேன். இந்தப் பெயரை எந்தப் பாடப்புத்தகத்திலும் நான் பார்த்ததில்லை என்பது என் நெடுநாள் ஆதங்கம்.

டெஹ்ரி ராஜ்ய பிரஜா மண்டல் என்ற மக்கள் அமைப்பு 1939இல் டேராடூனில் தொடங்கியது. அதன் முகமாக இருந்தவர் சுமன். 1943 டிசம்பர் இறுதியில் அவரைப் பிடித்து டெஹ்ரி சிறையில் போட்டார்கள். கால் விலங்கின் எடை 35 சேர் என்பார்கள், அதாவது முப்பது கிலோவுக்கு மேல். 1944 மே 3 அன்று உண்ணாவிரதம் தொடங்கினார். 84 நாள். ஜூலை 25 அன்று உயிர் போனது. வீட்டாருக்குக்கூடச் சொல்லாமல் இரவோடு இரவாக உடலை ஆற்றில் வீசினார்கள். வயது முப்பதைத் தொடவில்லை.

அவர் வைத்த கோரிக்கைகள் மூன்றுதான். பிரஜா மண்டலுக்கு அங்கீகாரம் வேண்டும். வெளியே கடிதம் எழுத விட வேண்டும். தன் மேல்முறையீட்டை அரசரே நேரில் கேட்க வேண்டும். மூன்றாவதை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் குரல் தடுமாறும் எனக்கு. அவர் முடியாட்சியை ஒழிக்கக் கிளம்பியவரே இல்லை. மகாராஜாவின் நிழலிலேயே, மக்களுக்குப் பொறுப்பான ஆட்சி என்றுதான் கேட்டார். டேராடூன் தமிழன் சொன்ன அதே பழைய நம்பிக்கை. ராஜா காதில் விழுந்தால் நியாயம் கிடைக்கும் என்ற நம்பிக்கை. 84 நாளும் அந்த முறையீட்டைக் கேட்க யாரும் வரவில்லை.

கங்கைக்கரை எழுதியது:

மூன்றாவது கோரிக்கை எனக்குத் தெரியாது மேடம். இதைப் படித்த பிறகு ‘ஊரில் இல்லை’ என்ற என் வாதத்தை இங்கே நீட்ட மாட்டேன்.

ஆனாலும் ஒன்று கேட்கிறேன். இவ்வளவுக்குப் பிறகும் மக்கள் ஏன் அந்தக் குடும்பத்துக்கே ஓட்டுப் போட்டார்கள்? 1952 முதல் தேர்தலிலேயே நரேந்திர ஷாவின் ராணி கமலேந்துமதி ஷா சுயேச்சையாக நின்று ஜெயித்தார். பெண்கள், குழந்தைகள் காப்பகங்களுக்கு உரிமம் கட்டாயம் என்று அவர் கொண்டுவந்த தனிநபர் மசோதா 1956இல் சட்டமே ஆனது. அதன்பின் மானபேந்திர ஷா எட்டு முறை. 2012 முதல் அவர் மருமகள் மாலா ராஜ்யலட்சுமி ஷா. இத்தனை தலைமுறை வாக்காளர்களும் ஏமாந்தவர்கள் என்று சொல்லிவிட முடியுமா?

செம்மண் எழுதியது:

ஏமாந்தவர்கள் என்று சொல்ல மாட்டேன். பத்ரிநாதர் பெயரோடு ஒட்டிய குடும்பம் அது. அந்தப் பாசம் உண்மை. ஆனால் எட்டு வெற்றியைச் சொல்லும்போது 1971ஐயும் சொல்லுங்கள். அந்தத் தேர்தலில் முன்னாள் மகாராஜாவைத் தோற்கடித்தவர் பரிபூர்ணானந்த் பைன்யூலி. பிரஜா மண்டல்காரர். டெஹ்ரி சிறையிலிருந்து தப்பியவர். மக்கள் இரண்டையும் நினைவில் வைத்திருந்தார்கள்.

சமஸ்தானம் முடிந்த விதத்தையும் பாருங்கள். 1948 ஜனவரி 11, கீர்த்தி நகரில் சமஸ்தானத்தை எதிர்த்த போராட்டத்தில் நாகேந்திர சக்லானியும் மோலு பர்தாரியும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். ஊரார் அந்த இரண்டு உடல்களையும் தோளில் தூக்கிக்கொண்டு, ஜனவரிக் குளிரில், மலைப்பாதை வழியே டெஹ்ரி வரை நடந்தார்கள். வழியெல்லாம் கூட்டம் சேர்ந்தது. டெஹ்ரியை அடைந்தபோது எதிர்த்து நிற்க அங்கே அரசே இல்லை. 1949 ஆகஸ்ட் 1 அன்று ஐக்கிய மாகாணத்தோடு (பின்னாளில் உத்தரப் பிரதேசம்) இணைப்பு. என்னைக் கேட்டால் அதுவும் ஒரு தண்டக்தான். இந்த முறை முறையிடப் போகவில்லை, அவ்வளவுதான்.

டேராடூன் தமிழன் எழுதியது:

செம்மண், கடைசி வரியை அப்படியே ஏற்கிறேன். ஆனால் இணைப்பில் மானபேந்திர ஷாவுக்கு உரிய இடத்தையும் கொடுங்கள். 1946இல்தான் பட்டத்துக்கு வந்த இளைஞர். இன்னும் ரத்தம் சிந்த விட்டிருக்கலாம், விடவில்லை.

கங்கைக்கரை கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன், டெஹ்ரி என்ற அந்தப் பழைய தலைநகரை இப்போது பார்க்க முடியாது. விக்டோரியா ராணியின் வைரவிழாவுக்குக் கீர்த்தி ஷா கட்டிய மணிக்கூண்டு, அரண்மனை, சுமன் இருந்த சிறை, எல்லாம் டெஹ்ரி அணைக்குள். 2005இல் நீர் ஏறியது. கோடையில் மட்டம் இறங்கும்போது சில சுவர்கள் தலைகாட்டும். சுமனின் விலங்கு மட்டும் மேலே புது டெஹ்ரி சிறைக்கு வந்துவிட்டது. ஜூலை 25 அன்று பொதுமக்கள் பார்க்க வைப்பார்கள். நான் ஒருமுறை வரிசையில் நின்று பார்த்தேன். எனக்கு முன்னால் ஒரு பாட்டி அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

கங்கைக்கரை எழுதியது:

திலாரி சரியாக எங்கே இருக்கிறது, டேராடூன் தமிழன்?

டேராடூன் தமிழன் எழுதியது:

பார்கோட் பக்கத்தில், யமுனைக் கரை. யமுனோத்ரி போகும் சாலைதான். மே 30 அன்று அஞ்சலி செலுத்துவார்கள்.

கங்கைக்கரை எழுதியது:

பார்கோட்டில்தான் முதல் இரவு தங்கினோம். காலையில் அம்மா ஆற்றைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு டீ குடித்தார். பக்கத்தில் என்ன இருக்கிறது என்று யாரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. இந்த இழையை இன்று ராத்திரி அவருக்குப் படித்துக் காட்டப் போகிறேன்.