காற்றில் சுழன்று ஒலிக்கும் கற்பனைச் சிற்பம்: ஒலியியல் அறிந்தோரின் உதவி தேவை

குழும நண்பர்களுக்கு வணக்கம். வெள்ளவத்தையிலிருந்து எழுதுகிறேன். நான் எழுதிவரும் மாயப் புனைவு நாவலில், துறைமுக நகரமொன்றின் வாயிலில், பருவக்காற்று தொடங்கியதும் தானாகவே சுழன்று ஒலிக்கும் பனையளவு உயரமான சிற்பம் ஒன்று வருகிறது. நடுத்தண்டிலிருந்து பித்தளைக் குழாய்கள் கிளைகளாக நீள்கின்றன. அவற்றின் நுனியிலுள்ள செப்புத் தகடுகள் காற்றை வாங்கிச் சிற்பத்தைத் திருப்ப, குழாய் வாய்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் காற்றுக்கு எதிரே வந்து ஒலிக்க வேண்டும்.

மந்திரத்தால் இயங்குகிறது என்று எழுதித் தப்பிவிடலாம். அது எனக்கு உவப்பாக இல்லை. குரோஷியாவின் ஸாதர் நகரில் 2005ஆம் ஆண்டு அமைக்கப்பட்ட கடல் ஆர்கன், அலைகள் தள்ளும் காற்றினாலேயே ஒலிக்கிறதல்லவா?

இரு முனையும் திறந்த ஒரு மீற்றர் குழாய் ஏறத்தாழ 170 ஹேர்ட்ஸில் ஒலிக்கும் என்பதும், ஒரு முனையை அடைத்தால் அது ஏறத்தாழப் பாதியாகும் என்பதும் தெரியும். சிக்கல் சுழற்சியில்தான். காலிமுகத்திடலில் வீசுவதுபோல் விட்டுவிட்டு அடிக்கும் காற்றில், புல்லாங்குழல் போன்ற துளை விளிம்பு நிலையாக ஒலிக்குமா, நாதஸ்வரச் சீவாளி போன்ற நாக்கு பொருந்துமா? குழாய் கேட்பவரை நெருங்கும்போது சுருதி ஏறி, விலகும்போது இறங்கும் டொப்ளர் விளைவு காதுக்குப் புலப்பட, கிளையின் நுனி எவ்வளவு வேகத்தில் சுழல வேண்டும்?

பௌதிகவியல் கற்பிப்போரும் இசைக்கருவி செய்வோரும் பின்னூட்டத்தில் விளக்கினால், அதற்கேற்பச் சிற்பத்தின் அமைப்பை மாற்றிக்கொள்வேன்.