32 எழுத்து எங்கே?

கறார்கணக்கு:
"சீன விஞ்ஞானி ஹே ஜியான்குயி 2018இல் பெரிய பாவம் ஒன்றும் செய்யவில்லை. சிலருக்கு இயற்கையிலேயே இருக்கும், எச்.ஐ.வி.யைத் தடுக்கும் மாற்றத்தை, கருவிலேயே மரபணுவைத் திருத்தி இரண்டு குழந்தைகளுக்குக் கொடுத்தார்" என்று நேற்று முன்னேற்றம் எழுதியிருக்கிறார். படித்ததும் தூக்கம் போயிற்று. இயற்கையில் இருப்பது, எச்.ஐ.வி. செல்லுக்குள் நுழையப் பயன்படும் புரதத்தைத் தரும் சிசிஆர்5 மரபணுவில் 32 டி.என்.ஏ. எழுத்து குறைவது. அந்த இரட்டையரில் ஒருத்திக்குப் போனது 15, அதுவும் மரபணுவின் இரண்டு பிரதிகளில் ஒன்றில் மட்டும். மற்றவளுக்கு ஒரு பிரதியில் 4 போனது, இன்னொன்றில் 1 கூடியது. 32 எங்கே?

முன்னேற்றம்:
வந்துவிட்டார் வாத்தியார்! எச்.ஐ.வி. நுழையும் கதவை அடைத்தால் போதாதா? எத்தனை ஆணி என்றா எண்ணுவது?

கறார்கணக்கு:
எண்ணத்தான் வேண்டும். மூன்று எழுத்துக்கு ஒரு அமினோ அமிலம்; 15 மூன்றால் வகுபடும். புரதத்தில் ஐந்து அமினோ அமிலம் குறையும், மீதி அப்படியே இருக்கும். பக்கத்துப் பிரதியோ முழுசாக இருக்கிறது. இதுவா அடைத்த கதவு? 32 எங்கே?

தும்பி:
கேள்வியே அதில்லை. தந்தைக்குத்தான் எச்.ஐ.வி., தாய்க்கு இல்லை. விந்தணுவைக் கழுவிப் பிரித்தாலே தொற்றைத் தடுக்கலாம். அதையும் செய்திருக்கிறார்கள். அப்புறம் எதற்குக் கருவில் கைவைப்பது? அந்த மாற்றம் பேரப்பிள்ளைகளுக்கும் போகுமே, அவர்களிடம் யார் கேட்டார்கள்?

முன்னேற்றம்:
பிறக்காத பிள்ளையிடம் யார்தான் எதைக் கேட்டார்கள்? 2023இல் அரிவாள் செல் நோய்க்கு கிரிஸ்பர் என்ற மரபணுத் திருத்தக் கருவியால் செய்யும் சிகிச்சையை பிரிட்டனும் அமெரிக்காவும் அனுமதித்தபோது மட்டும் கைதட்டினீர்களே.

தும்பி:
அது நோயாளியின் ரத்தம் உருவாக்கும் ஸ்டெம் செல்லில் செய்வது. அவரோடு முடிந்துவிடும். இரண்டும் ஒன்றா?

கறார்கணக்கு:
பேச்சை மாற்ற வேண்டாம். 32.

சும்மாஇருப்பவன்:
எண்களைப் பற்றி இவர் பேசுகிறார்! போன மாதம் என்னைக் 'கூட்டல் தெரியாதவர்' என்றவர். மனிதனுக்குக் குரோமோசோம் 48 என்று எழுதிவிட்டு மறுநாள் சத்தமில்லாமல் 46 ஆக்கியதை நான் மறக்கவில்லை.

கறார்கணக்கு:
1956 வரை உலகமே 48 என்றுதான் நம்பியது. நான் எழுதியது வரலாறு.

சும்மாஇருப்பவன்:
ராத்திரியோடு ராத்திரியாகத் திருத்தியதும் வரலாறா?

முன்னேற்றம்:
நல்லாக் கேட்டீங்க. முதலில் துணிந்தவனுக்கு மூன்று வருடச் சிறை, 30 லட்சம் யுவான் அபராதம். நாளைக்கு எல்லோரும் அதே வழியில்தான் போவார்கள், பாருங்கள்.

தும்பி:
துணிந்ததற்காக இல்லை. சட்டவிரோதமாக மருத்துவம் பார்த்ததற்காக. நெறிமுறைக் குழுவின் ஒப்புதல் ஆவணமே போலி என்றது நீதிமன்றம்.

முன்னேற்றம்:
அப்படியானால் ஆவணத்தைத் திட்டுங்கள். அறிவியலை ஏன் திட்டுகிறீர்கள்?

கறார்கணக்கு:
இத்தனை பேர் பேசியாயிற்று, என் கேள்வி மட்டும் அப்படியே நிற்கிறது. 15, 4, 1. மூன்றையும் கூட்டினாலும் 20தான் வருகிறது. 32 எங்கே?

சும்மாஇருப்பவன்:
அந்த 1 கூடியது ஐயா. கழிக்க வேண்டும். 18.