பிஎஸ்3 12 ஜிபி: தம்பியின் யூசரை அழித்தால் இடம் கிடைக்குமா?

பாளையங்கோட்டை_அக்கா கேட்டது:

வணக்கம். எனக்கு கேம் பற்றி ஒன்றும் தெரியாது, அதனால் கொஞ்சம் நீட்டி எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

வீட்டில் இருப்பது என் தம்பியின் பிளேஸ்டேஷன் 3. மேல் மூடியைத் தள்ளி டிஸ்க் போடுகிற ஒல்லி மாடல். அட்டைப்பெட்டியில் 12 ஜிபி என்று போட்டிருக்கிறது. தம்பி மஸ்கட் போய் நான்கு வருடம் ஆகிறது. டிவிக்குக் கீழே துண்டு போர்த்தி வைத்திருந்ததை இந்தக் காலாண்டு லீவில் என் பையன்கள் தோண்டி எடுத்துவிட்டார்கள். பெரியவன் ஏழாவது, சின்னவன் நாலாவது.

தம்பியின் கூட்டாளி ஒருவர் டான் பிராட்மேன் கிரிக்கெட் 14 டிஸ்க் கொடுத்தார். போட்டால் இடம் போதவில்லை, காலி செய் என்கிறது. சரி, வேண்டாத கேமை அழிப்போம் என்று பார்த்தால் அந்த வரிசையில் இரண்டே இரண்டு குட்டி கேம்தான் இருக்கிறது. இரண்டையும் அழித்தேன், பிரயோசனம் இல்லை. சிஸ்டம் இன்ஃபர்மேஷனில் மீதி இடம் சில நூறு எம்பிதான் காட்டுகிறது. கேமே இல்லாத பெட்டியில் மற்ற இடமெல்லாம் எங்கே போனது?

ஆன் செய்ததும் இரண்டு யூசர் வருகிறது. ஒன்று தம்பி பெயர், இன்னொன்று பையன்கள் புதிதாகப் போட்டது. "மாமாவோட யூசரை டிலீட் பண்ணிட்டா எல்லாம் காலியாயிடும்மா" என்கிறான் பெரியவன். பட்டன் வரைக்கும் போய்விட்டு நிறுத்தினேன். தம்பி சின்ன வயதில் தீப்பெட்டிப் படம் சேர்த்து வைத்திருந்த டப்பாவை ஒரு போகிக்கு நான் தூக்கிப் போட்டேன். அதை இன்றைக்கும் போனில் சொல்லிக் காட்டுவான். இதில் அவன் ராத்திரி ராத்திரியாக கார் ஓட்டியது எனக்குத் தெரியும். அது போய்விட்டால் பொங்கலுக்கு வரும்போது என்ன சொல்வேன்?

யூசரை அழிக்கலாமா, கூடாதா? பென் டிரைவ் சொருகினால் இடம் கூடுமா? இரண்டுக்கும் யாராவது சொல்லுங்கள்.

---

திருகாணி எழுதியது:

அக்கா, முதலில் அந்த பட்டனிலிருந்து கையை எடுங்கள். யூசரை அழித்தால் அந்த யூசரின் சேவ் எல்லாம் போய்விடும், அதாவது எந்தக் கேமில் எதுவரை ஆடினார் என்ற பதிவு. கேமில் சாதித்ததற்குக் கிடைத்த பதக்கமான ட்ரோபியும் போகும். அவ்வளவும் போய்க் கிடைக்கிற இடம் சில எம்பி, ரொம்ப விளையாடியிருந்தால் சில நூறு எம்பி. வீட்டில் இடம் இல்லை என்று பீரோவை விட்டுவிட்டு அதிலிருக்கும் பத்திரத்தை மட்டும் எரிக்கிற கதை.

நான் சென்னை ரிச்சி தெருவில் ஒரு சர்வீஸ் கடையில் ஆறு வருடம் இருந்தவன். இந்த 12 ஜிபி மாடல் 2012-இல் வந்தது. இதில் ஹார்டு டிஸ்க் கிடையாது, உள்ளே ஃபிளாஷ் மெமரிதான். வந்த பெட்டிகளில் பாதிக்கு மேல் இதே புகார்தான்: "கேம் ஒண்ணுமே இல்ல, ஆனா ஃபுல்லுங்குது."

காரணம் இதுதான். டிஸ்கில் ஓடுகிற கேம், டிஸ்க் உள்ளே இருக்கும்போது மட்டும்தான் மெனு வரிசையில் தலைகாட்டும். டிஸ்கை எடுத்ததும் பெயர் மறைந்துவிடும். ஆனால் அது ஓடுவதற்காக உள்ளே இறக்கி வைத்த சாமான் அப்படியே கிடக்கும். அதற்கு "கேம் டேட்டா" என்று பெயர். நீங்கள் பார்த்த வரிசையில் அது வராது. கேம் பகுதியில் மேலே போனால் "கேம் டேட்டா யுடிலிட்டி" என்று ஒரு மஞ்சள் கோப்புறை இருக்கும். அதைத் திறங்கள். தம்பி எப்போதோ போட்டு எடுத்த டிஸ்கெல்லாம் அங்கே ஆஜராகியிருக்கும்.

ஒவ்வொன்றின் மேலும் நின்று முக்கோண பட்டனை அழுத்தி "இன்ஃபர்மேஷன்" பாருங்கள், எத்தனை எம்பி என்று சொல்லும். அங்கே இருப்பதை அழித்தால் சேவ் போகாது. சேவ் வேறு இடத்தில், "சேவ்டு டேட்டா யுடிலிட்டி"யில் இருக்கிறது. பக்கத்துப் பக்கத்திலேயே இருக்கும், பெயரும் ஒரே மாதிரி ஒலிக்கும். அதனால் பையன்கள் கையில் கன்ட்ரோலரைக் கொடுக்காமல் நீங்களே செய்யுங்கள். கேம் டேட்டா எல்லா யூசருக்கும் பொது, எந்த யூசரில் நுழைந்தாலும் தெரியும். சேவ் அந்தந்த யூசருக்கு மட்டும்தான்.

இன்னொன்று, ஸ்டோரில் வாங்கிய கேம் என்றால் இந்தப் பெட்டி முதலில் பொட்டலத்தை முழுசாக இறக்கி, அப்புறம் அதைப் பிரித்துப் போடும். பிரித்து முடிக்கும்வரை இரண்டுக்கும் இடம் வேண்டும். 4 ஜிபி கேமுக்கு கிட்டத்தட்ட 8 ஜிபி. 12 ஜிபி பெட்டியில் அது நடக்கிற காரியமா என்று பார்த்துக்கொள்ளுங்கள். பாதியில் நின்ற டவுன்லோட் ஏதாவது கிடந்தால் நெட்வொர்க் பகுதியில் "டவுன்லோட் மேனேஜ்மென்ட்" போய் ரத்து செய்யுங்கள்.

பென் டிரைவ் சொருகினால் இடம் கூடாது. பிஎஸ்3 அதில் கேமை வைத்து ஓட்டாது. படம், பாட்டு பார்க்கலாம், சேவ்களை நகல் எடுத்து வைக்கலாம், அவ்வளவுதான்.

---

ஹாஸ்டல்_சாதம் எழுதியது:

அக்கா, உங்கள் பையன் சொன்னதை நான் செய்திருக்கிறேன். கல்லூரி விடுதியில் ஆறு பேருக்கு ஒரே பிஎஸ்3. இடம் இல்லை என்று, படிப்பை முடித்துப் போன சீனியரின் யூசரை அழித்தேன். வந்த இடம் ஒரு அப்டேட்டுக்குக்கூடப் போதவில்லை. ஆறு மாதம் கழித்து அவர் வேலை கிடைத்த சந்தோஷத்தில் விடுதிக்கு பிரியாணி வாங்கிக்கொண்டு வந்தார். வந்தவர் நேராக டிவி முன்னால் உட்கார்ந்தார். அந்த பிரியாணியை நான் சாப்பிடவில்லை.

---

பாளையங்கோட்டை_அக்கா எழுதியது:

திருகாணி தம்பி, நீங்கள் சொன்ன மஞ்சள் கோப்புறையைத் திறந்தேன். ஏழு எட்டு பெயர் இருக்கிறது. அதில் ஒன்று ஜிடிஏ 5, அது மட்டும் 8 ஜிபி சொச்சம்! டிஸ்க் வீட்டிலேயே இல்லை, தம்பி யாருக்கோ கொடுத்துவிட்டானாம். கண்ணுக்குத் தெரியாத வாடகைக்காரன் மூன்றில் இரண்டு பங்கு வீட்டில் குடியிருந்திருக்கிறான். பெரியவன் அந்தப் பெயரைப் பார்த்ததும் முகம் மாறி, "அதை மட்டும் அழிக்காதம்மா" என்றான். அது என்ன கேம், இவனுக்கு எப்படித் தெரியும்?

இன்னொன்று. வீடியோ பகுதியில் "சீமந்தம்" என்று ஒரு கோப்பு இருக்கிறது, 1.3 ஜிபி. பெரியவன் வயிற்றில் இருந்தபோது எடுத்தது! டிவியில் பார்க்க அப்போது தம்பி போட்டிருக்கிறான். எங்களிடம் இருந்த சிடி பூசணம் பிடித்துப் போய் நாளாகிறது. இதை எப்படி வெளியே எடுப்பது?

---

திருகாணி எழுதியது:

ஜிடிஏ 5 2013 செப்டம்பரில் வந்தது. பிஎஸ்3-இல் 8 ஜிபி இறக்காமல் அது ஓடவே ஓடாது, வேண்டும் வேண்டாம் என்று நம்மைக் கேட்காது. டிஸ்க் இல்லாமல் அந்த டேட்டா வெறும் பாரம், தைரியமாக அழியுங்கள். நாளைக்கே தம்பி டிஸ்க் கொண்டுவந்தாலும் மறுபடி இறக்கிக்கொள்ளும், அவர் சேவும் காத்திருக்கும். பெரியவனுக்கு எப்படித் தெரியும் என்று நான் சொல்ல மாட்டேன். அது 18 வயதுக்கு மேற்பட்டவர்களுக்கான கேம், ஏழாவது படிக்கிற பையனுக்கு வேண்டாம் என்பதை மட்டும் சொல்கிறேன். பையன் என்னைத் திட்டட்டும்.

சீமந்த வீடியோவைத்தான் முதலில் காப்பாற்ற வேண்டும். ஒரு பென் டிரைவை ஃபேட்32 முறையில் ஃபார்மட் செய்துகொள்ளுங்கள், பிஎஸ்3-க்கு வேறு முறை புரியாது. 16 ஜிபி, 32 ஜிபி பென் டிரைவ் என்றால் கம்ப்யூட்டரிலேயே அந்த வாய்ப்பு வரும். சொருகிவிட்டு வீடியோவின் மேல் முக்கோணம், "காப்பி". நகல் எடுத்ததும் கம்ப்யூட்டரில் போட்டு முழுசாக ஓடுகிறதா என்று பார்த்த பிறகுதான் பெட்டியில் இருப்பதை அழிக்க வேண்டும். பாதி ஓடினதைப் பார்த்து அழித்துவிட்டு கடைக்கு அழுதுகொண்டு வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். இனிமேல் வீடியோவைப் பெட்டிக்குள் இறக்கவே வேண்டாம், பென் டிரைவிலிருந்தே ஓடும்.

அப்படியே தம்பியின் யூசரில் நுழைந்து சேவ்களையும் அதே பென் டிரைவுக்கு காப்பி செய்துவிடுங்கள். சில கேம்கள் நகல் எடுக்க விடாது, பூட்டி வைத்திருக்கும். அவற்றைத் தொடாமல் விட்டுவிடுங்கள்.

---

வட்டுப்பெட்டி எழுதியது:

திருகாணி அண்ணா சொன்னது சரிதான், ஆனால் ஒரு இடத்தில் நான் மாறுபடுகிறேன். கேம் டேட்டாவை அழித்தால் டிஸ்கிலிருந்து திரும்ப வந்துவிடும் என்கிறார். டிஸ்கில் இருந்தது வரும். அதற்கு மேல் வந்த அப்டேட், இன்டர்நெட்டிலிருந்துதான் வர வேண்டும். இது பழைய பெட்டி. 2021-இல் பிஎஸ்3 ஸ்டோரையே மூடப்போவதாக சோனி மார்ச்சில் அறிவித்தது. ஆட்கள் சத்தம் போட்டதும் ஏப்ரலில் முடிவை மாற்றிக்கொண்டது. அதே வருடம் டிசம்பரில் பிஎஸ்3-க்கான ஜிடிஏ ஆன்லைன், அதாவது ஜிடிஏ 5-ஐ இன்டர்நெட்டில் மற்றவர்களோடு ஆடும் பகுதி, நின்றது. அதனால் நான் அழிக்கும் முன் ஒவ்வொன்றையும் மூன்றாகப் பிரித்துக் கேட்பேன்: டிஸ்க் கையில் இருக்கிறதா? சர்வரிலிருந்துதான் வர வேண்டுமா? யாராலும் திருப்பித் தர முடியாததா? முதல் வகையைக் கண்ணை மூடிக்கொண்டு அழிப்பேன். இரண்டாவதை வேறு வழியே இல்லை என்றால் மட்டும். சேவும் சீமந்தமும் மூன்றாவது வகை.

நிரந்தரமாகத் தீர்க்க வேண்டும் என்றால் ஹார்டு டிஸ்க் போடுங்கள் அக்கா. இந்த மாடலிலும் அதற்கு இடம் விட்டிருக்கிறார்கள், பக்கவாட்டு மூடிக்கு உள்ளே. பழைய லேப்டாப்பில் இருக்கும் 2.5 அங்குல சாட்டா டிஸ்க் போதும், தடிமன் 9.5 மில்லிமீட்டருக்கு மேல் போகக் கூடாது. ஆனால் 12 ஜிபி மாடலில் டிஸ்கைப் பிடித்து நிறுத்தும் தகரச் சட்டம் பெட்டியோடு வராது, தனியாக வாங்க வேண்டும். ஆன்லைனில் கிடைக்கிறது. இதை மறந்துவிட்டு டிஸ்கை மட்டும் வாங்கி, அட்டையை மடித்து முட்டுக் கொடுத்த புத்திசாலி நான்தான்.

டிஸ்க் போட்டதும் உள்ளே இருக்கும் 12 ஜிபி பயன்பாட்டிலிருந்து போய்விடும். இரண்டையும் கூட்டி வைத்துக்கொள்ள முடியாது. புது டிஸ்கை ஃபார்மட்டும் செய்யும். அதனால் அதற்கு முன்பு செட்டிங்ஸில் "பேக்கப் யுடிலிட்டி" மூலம் மொத்தத்தையும் வெளியே ஒரு நகல் எடுத்துவிடுங்கள். பூட்டிய சேவ்கள்கூட இதில் வரும், ஆனால் அதே பெட்டிக்குத்தான் திரும்பும். ட்ரோபியை மட்டும் நம்பாதீர்கள், தம்பியின் கணக்கில் நுழைந்து முதலில் சர்வரோடு ஒத்திசைத்துவிடுங்கள். அவர் கணக்கில் இரண்டடுக்குப் பாதுகாப்பு போட்டிருந்தால் வழக்கமான பாஸ்வேர்டை பிஎஸ்3 ஏற்காது. சோனி தளத்தில் அவர் ஒரு "டிவைஸ் செட்டப் பாஸ்வேர்டு" எடுத்து உங்களுக்கு அனுப்ப வேண்டும்.

---

திருகாணி எழுதியது:

ஒரு கிரிக்கெட் கேமுக்காக ஹார்டு டிஸ்க்கா தம்பி? 8 ஜிபி காலியானால் பையன்களுக்கு இந்த லீவுக்குப் போதும். ஆனால் அப்டேட் விஷயத்தில் நீங்கள் சொன்னது சரி, நான் கடைக்காரன் புத்தியில் எழுதிவிட்டேன்.

அக்கா, கடைசியாக ஒன்று. யூடியூபைப் பார்த்துவிட்டு பெரியவன் ரெக்கவரி மெனுவுக்குள் போகலாம், பவர் பட்டனை அழுத்திப் பிடித்து நுழைவது. அதில் நாலாவது "ரீபில்டு டேட்டாபேஸ்", மெனு இழுத்து இழுத்து நிற்கும்போது செய்வது, இடம் பெரிதாகக் கிடைக்காது. ஐந்தாவது "ரீஸ்டோர் பிஎஸ்3 சிஸ்டம்". அது எல்லாவற்றையும் துடைத்துவிடும். இரண்டும் அடுத்தடுத்த வரி.

---

பாளையங்கோட்டை_அக்கா எழுதியது:

சீமந்த வீடியோ பென் டிரைவிலும் கம்ப்யூட்டரிலும் ஏறிவிட்டது. முழுசாக ஓட்டிப் பார்த்தேன், நடுவில் ஒரு இடத்தில் தம்பி கேமராவைத் தன் பக்கம் திருப்பி நாக்கை நீட்டுகிறான். சேவ்கள் நகல் எடுத்தாயிற்று, மூன்று மட்டும் பூட்டு, தொடவில்லை. ஜிடிஏ டேட்டாவை அழித்தேன். இந்தத் தடவை கிரிக்கெட் டிஸ்க் இடம் கேட்கவில்லை. சின்னவன் முதல் பந்திலேயே போல்டு, பெரியவன் இன்னும் என்னோடு பேசவில்லை.

தம்பிக்குப் போன் போட்டு டிவைஸ் செட்டப் பாஸ்வேர்டு கேட்டேன். "என் யூசரை ஒண்ணும் பண்ணலையே?" என்றான் முதல் வார்த்தையாக. இல்லை என்றேன். "பூட்டின மூணுல கார் கேம் இருக்கா பாரு" என்றான். இருக்கிறது. வட்டுப்பெட்டி தம்பி, அந்தத் தகரச் சட்டத்தை ஆன்லைனில் என்ன பெயர் போட்டுத் தேட வேண்டும்?

---

வட்டுப்பெட்டி எழுதியது:

"பிஎஸ்3 சூப்பர் ஸ்லிம் ஹார்டு டிஸ்க் மவுன்டிங் பிராக்கெட்" என்று ஆங்கிலத்தில் தேடுங்கள் அக்கா. சூப்பர் ஸ்லிம் என்ற வார்த்தை கட்டாயம் இருக்கட்டும், பழைய பிஎஸ்3-களின் சட்டம் இதில் உட்காராது. திருகாணியும் கூடவே வருகிறதா என்று படத்தில் பார்த்து வாங்குங்கள்.