நிலைக்கு மேல் இரண்டு வரி: வேல்ஸ் நாட்டுக் கவிஞர் க்வினெத் லூயிஸ் பற்றித் தெரிந்தவர்கள் சொல்லுங்களேன்

கண்டனூர் ஆச்சி:
எங்கள் வளவு வீட்டு முகப்பை மராமத்துப் பார்க்கிறோம். நிலைக்கு மேலே சுவரில் தமிழில் ஒரு வரி, இங்கிலீஷில் ஒரு வரி வைக்க ஆசை. மகள் வயிற்றுப் பேத்திக்காகத்தான். வேல்ஸ் நாட்டுக் கார்டிஃபில் பிறந்து வளர்கிறாள், ஒன்பது வயது. போன மாசியில் முன்னோர் படைப்புக்கு வந்தவள், நிலையில் செதுக்கியிருக்கும் எங்கள் ஐயா பெயரை விரலால் தடவி, "ஆயா, இது படமா, எழுத்தா?" என்று கேட்டாள். அன்று ராத்திரி எனக்குத் தூக்கமே இல்லை.

நான் கார்டிஃப் போனபோது மகள் வேல்ஸ் மில்லேனியம் சென்டர் என்ற கலையரங்குக்குக் கூட்டிப்போனாள். அதன் நெற்றி முழுக்க எழுத்து. ஒவ்வொன்றும் ஆள் உயரம், ஒவ்வொன்றும் ஒரு ஜன்னல். தூறல். பொழுது சாய்ந்து உள்ளே விளக்குப் போட்டதும் எழுத்தெல்லாம் பற்றிக்கொண்ட மாதிரி நின்றது. அந்த நாட்டு மொழியான வெல்ஷில் ஒரு வரி, இங்கிலீஷில் ஒரு வரி. எழுதியவர் க்வினெத் லூயிஸ் என்றாள். ஒன்று மற்றதன் மொழிபெயர்ப்பா? நான் எப்படி வைக்கட்டும்?

காரைக்குடி வாத்தியார்:
மொழிபெயர்ப்பு இல்லை ஆச்சி. இங்கிலீஷ் வரி, இந்தக் கற்களில் தொடுவானங்கள் பாடுவதைச் சொல்கிறது. வெல்ஷ் வரி, கவியுள்ளத்தின் உலையிலிருந்து கண்ணாடிபோல் உண்மையைப் படைப்பதைச் சொல்கிறது. வெல்ஷில் உண்மைக்கு 'குவீர்', கண்ணாடிக்கு 'குவிடிர்'. என்ன மோனை பாருங்கள்! இங்கிலீஷுக்குக் கொண்டுபோனால் அது நிற்காது.

க்வினெத் லூயிஸ் 1959-ல் கார்டிஃபில் பிறந்தவர். வீட்டில் வெல்ஷ்தான். தாயார் அடுத்த பிரசவத்துக்கு ஆஸ்பத்திரியில் இருந்தபோது தகப்பனார் இங்கிலீஷ் சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தாராம். அப்புறம் கேம்பிரிட்ஜ், ஆக்ஸ்ஃபோர்டு. இரண்டு மொழியிலும் தொகுப்புகள் போட்டிருக்கிறார். 2005-ல் வேல்ஸின் முதல் தேசியக் கவி. 2012-ல் ஐஸ்டெத்வொட் விழாவில் கவிதைக்கான கிரீடம் வாங்கினார். நம்ம ஊர் கம்பன் விழா மாதிரி அவர்கள் காத்து வரும் விழா அது.

1999-ல் வந்த அவருடைய வெல்ஷ் நூலைச் சொல்லாமல் விடமாட்டேன். துப்பறியும் கதையைக் கவிதையாக எழுதியிருக்கிறார். ஒரு கிழவி கொலையுண்டு கிடக்கிறாள், யார் செய்தது என்று விசாரணை. அந்தக் கிழவிதான் வெல்ஷ் மொழி. உங்கள் பேத்தி கேட்டதைப் படித்ததும் எனக்கு அந்தக் கிழவி நினைவுதான் வந்தது.

ஆத்தங்குடிக்காரன்:
வணக்கம் ஆச்சி. கண்ணாடி என்றதால் சொல்கிறேன். தரையில் பதிக்கிற எங்கள் ஆத்தங்குடிப் பூக்கல்லும் கண்ணாடி மேல் ஊற்றுவதுதான், அந்த வழவழப்பு அதிலிருந்துதான் வருகிறது. ஆனால் உலை கிடையாது. தண்ணீரில் ஊறப்போட்டு, வெயிலில் காயவைப்போம். எழுத்தையும் கல்லிலேயே வார்க்கலாம். கல்லின் முகம் கண்ணாடிப் பக்கம் இருப்பதால் அச்சில் எழுத்தைத் திருப்பி வைக்க வேண்டும், அவ்வளவுதான். தரையில் மட்டும் வேண்டாம், எழுத்தை மிதிக்கக் கூடாது. சுவரில் பதியுங்கள்.

கண்டனூர் ஆச்சி:
வாத்தியார் எழுதியதை நேற்றுப் போனில் பேத்திக்குப் படித்துக் காட்டினேன். பள்ளிக்கூடத்தில் வெல்ஷ் படிக்கிறாளே, 'குவிடிர்' என்று என் உச்சரிப்பைத் திருத்தினாள். இங்கிலீஷ் வரியை நீயே எழுது, என் வரியைப் பார்த்து எழுதாதே என்று சொல்லிவிட்டேன். வீட்டைப் பற்றி என்ன தோன்றுகிறதோ அது போதும். தமிழ் வரி என்னுடையது. அதில் 'மழை' வருகிறது. தம்பி, 'ழ'வைத் திருப்பி வைத்தால் அந்தச் சுழி உடையாமல் வருமா?