ஒப்புநோக்கும் கூடத்தில் எங்களுக்கு நேர்ந்தவை

சுவடிக்காரி:
முத்திரை விதியை இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. எங்கள் வீட்டுச் சுவடிக் கட்டின் முறை வந்தபோது, அம்மாவால் நடக்க முடியாததால் நான்தான் அதைப் பதிப்பகத்துக்குக் கொண்டுபோனேன். அதிகாரி மேசையில் சாட்சி விளக்கை ஏற்றி வைத்து, பாட்டி தடவிய புல்லெண்ணெயின் மணம் இன்னும் போகாத ஏடுகளை ஒவ்வொன்றாகப் புரட்டி, அரசுப் பதிப்போடு ஒப்பிட்டு வாசித்துக்கொண்டே வந்தார். நாற்பதாவது ஏட்டில் 'எரி காத்தவள்' என்று அவர் வாசித்தபோது, 'ஏரி காத்தவள், ஐயா' என்று என்னையறியாமல் சொல்லிவிட்டேன். பழைய ஏடுகளில் எகரக் குறிலுக்கும் ஏகார நெடிலுக்கும் எழுத்து ஒன்றே என்பதால், எப்படிப் படிப்பது என்பதைப் பாடக் கேட்டவர்களே அறிவார்கள். பாட்டி நெடிலாகத்தான் பாடுவார். பிழையான பாடம் காதில் விழுந்தால் சுடர் சுருங்கும் என்று சொல்லி வளர்க்கப்பட்டவள் நான் என்பதால், அஞ்சிப்போய் விளக்கைப் பார்த்தேன். அவர் வாசித்தபோதும் சுடர் அசையவில்லை, நான் சொன்னபோதும் அசையவில்லை. அவரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு திரியை விரலால் நசுக்கி அணைத்துவிட்டு, 'இதை யாரிடம் கேட்டீர்கள், அம்மா?' என்று மெதுவாகக் கேட்டார். இறந்துபோன பாட்டியிடம் என்றேன். 'நல்லது' என்று மட்டும் சொல்லிக் கட்டை உள்ளே அனுப்பினார். மூன்று மழைக்காலம் கடந்தும் கட்டு திரும்பவில்லை. கட்டைக்கூட மறந்துவிடுவேன், அந்த 'நல்லது' எதற்குச் சொல்லப்பட்டது என்பதுதான் விளங்கவில்லை.

கூடத்துப் பழைய ஊழியர்:
விளக்கைப் பற்றிச் சுவடிக்காரி நம்புவது தவறு. அந்தக் கூடத்தில் திரி கத்தரித்து எண்ணெய் ஊற்றியவன் என்ற முறையில் சொல்கிறேன்: பாடம் சரியா பிழையா என்று விளக்குக்குத் தெரியாது. வாசிப்பவர் தாம் நம்பாத ஒன்றை வாசித்தால்தான் அது சுருங்கும். ஆண்டு விழாவில் தலைமைப் பதிப்பாளர் புதிய பதிப்பின் முன்னுரையை உரக்க வாசித்தபோது, மேடையிலிருந்த ஏழு விளக்குகளும் மிளகளவாகச் சுருங்கியதை நான் கண்ணால் பார்த்தேன். அவையில் இருந்த அத்தனை பேரும் ஒரே நேரத்தில் கூரையின் வேலைப்பாட்டை ரசிக்கத் தொடங்கினார்கள். ஆகவே உங்கள் அதிகாரி பொய் சொல்லவில்லை. அவருக்குக் கற்றுக்கொடுத்ததை நம்பியே வாசித்தார்.

மனு எழுதுபவர்:
என் கட்டு பதினொரு மாதத்தில் திரும்பியது, இரண்டு ஏடுகள் குறைவாக. இனி ஒப்படைக்கப் போகிறவர்கள் கவனிக்க வேண்டியவற்றைச் சொல்லிவிடுகிறேன். ஏடுகளை எண்ணி, அந்த எண்ணிக்கையை மேல்சட்டத்தின் உட்புறத்தில் எழுத்தாணியால் கீறி வையுங்கள். கயிறு கோக்கும் துளைகள் ஒரே நேர்கோட்டில் இருக்கின்றனவா என்று பாருங்கள், ஏனென்றால் இடையில் செருகப்பட்ட புதிய ஏட்டின் துளை எப்படியும் சிறிது விலகியே நிற்கும். எழுத்து மங்கியிருந்தால் விளக்குக்கரியை இலைச்சாற்றில் குழைத்துத் தடவித் துடைத்த பிறகே கொண்டுபோங்கள். மங்கிய எழுத்தை அதிகாரிகள் தமக்கு வேண்டியபடி படித்துக்கொள்வார்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, அங்கே வாயைத் திறக்காதீர்கள். பாட்டியின் பாட்டை அதிகாரியிடம் சொன்னதுதான் இந்த அம்மையார் செய்த பிழை. இப்போதும் காலம் கடந்துவிடவில்லை. மூன்று படிகளில் ஒரு மனு எழுதி, முதல் படியை வாயிற்காவலரிடம் கொடுக்காமல் நேரே ஆவண அறைக்கு...

சுவடிக்காரி:
ஐயா, நான் வழி கேட்கவில்லை.

அச்சுக்கோப்பவர்:
இதை எழுதலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். 'ஏரி காத்தவள்' என்ற அடி உங்கள் வீட்டில் மட்டும் இருந்ததன்று. முத்திரைப் பதிப்புக்கு முதன்முதலில் வந்த கையெழுத்துப் படியில் அது நெடிலாகத்தான் இருந்தது, நானும் நெடிலாகவே கோத்தேன். பக்கம் முடுக்கப்பட்டு, மெய்ப்பும் போய்த் திரும்பிய பிறகு, மேலாளர் ஒரு சிறிய உளியோடு என்னிடம் வந்தார். ஒரே ஓர் எழுத்துக்காகப் பக்கத்தைப் பிரிக்க நேரமில்லை என்றும், நெடிலின் காலை மட்டும் செதுக்கி எடுத்துவிட்டால் குறிலாகிவிடும் என்றும் சொன்னார். ஈயத்தில் எழுத்து இடவலம் மாறி நிற்குமல்லவா, ஆகவே எந்தப் பக்கத்துக் கால் என்று இருமுறை பார்த்துக்கொண்டேன். ஒரே தட்டில் போய்விட்டது. நகக்கண்ணில் ஒட்டிய அந்த ஈயத் துணுக்கு அன்று மாலைவரை எனக்கு உறுத்திக்கொண்டிருந்தது. எழுத்துகளை எண்ணித்தான் பதிப்பைச் சரிபார்ப்பார்கள் என்பதால், எண்ணிக்கை குறையாத அந்தத் திருத்தம் யார் கண்ணிலும் படவில்லை. அடுத்த ஆண்டிலிருந்து திருநாளன்று மதகு திறப்பதை நிறுத்திவிட்டுக் கரையில் தீ வளர்க்கத் தொடங்கினார்கள். கரையைச் செப்பனிடும் கணக்கும் அதோடு கருவூலத்தில் மூடப்பட்டது.

கூடத்துப் பழைய ஊழியர்:
செதுக்கச் சொன்னவர் சொந்த விருப்பத்தில் செய்திருக்கலாம். பதிப்பகம் முழுவதையும் இதற்காகக் குறை சொல்ல முடியாது.

அச்சுக்கோப்பவர்:
உளியில் பதிப்பக முத்திரை இருந்தது.

சுவடிக்காரி:
அந்த எழுத்து இப்போது எங்கே இருக்கிறது?

அச்சுக்கோப்பவர்:
அச்சு முடிந்து பக்கத்தைப் பிரித்தபோது குறிலின் அறையில் போட்டுவிட்டேன். மற்ற குறில்களோடு கலந்துவிட்டது. காலிருந்த இடத்தில் சிறு பிசிறு இருக்கும். புதிய பதிப்புகளில் எப்போதாவது ஓர் எகரத்தின் அடியில் மை கொஞ்சம் கசிந்திருந்தால், அது அதுதான்.