கரமடிப் பாட்டாவைப் பேசவைப்பது எப்படி?

கடற்கரை டீச்சர்:
குளச்சல் பக்கம் ஒரு பள்ளியில் வேலை. ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் தங்கள் ஊர்க் கரமடியை, அதாவது கரையில் நின்று இழுக்கும் பெரிய வலையைப் பற்றி ஆவணப்படம் எடுக்க ஆசைப்படுகிறார்கள். கையில் இரண்டு போன், அவ்வளவுதான். வயதான மீனவர் ஒருவரிடம், எங்கள் ஊர்ப் பாட்டாவிடம், போய் "அந்தக் காலத்தைப் பற்றிச் சொல்லுங்க" என்றோம். "என்னத்தச் சொல்ல, எல்லாம் போச்சு" என்று எழுந்துவிட்டார். பதிவானதிலும் காற்றுச் சத்தம்தான் அதிகம். எங்கிருந்து தொடங்குவது?

நாகர்கோவில் படக்காரன்:
டீச்சர், பதினைந்து வருடமாக ஆவணப்படம் எடுக்கிறேன், பிள்ளைகளுக்குச் சொல்லியும் கொடுக்கிறேன். "அந்தக் காலம்" என்று கேட்டால் யாருக்கும் வாய் வராது. பாட்டா கையில் மடியை, அந்த வலையைக் கொடுங்கள். ஓரத்தில் கண்ணி பெரிதாகவும் நடுப்பையில் சின்னதாகவும் இருப்பது ஏன் என்று ஒரு பிள்ளை கேட்கட்டும். அப்புறம் நீங்கள்தான் நிறுத்தச் சொல்ல வேண்டியிருக்கும்.

காற்றுக்கு: ஒரு போனில் படம், மற்றதை ஃப்ளைட் மோடில் போட்டு, ரெக்கார்டரை ஓடவிட்டு அவர் தொடைமேல் வையுங்கள். காலையிலேயே எடுத்துவிடுங்கள். வெயில் ஏறினால் கடல்காற்று கிளம்பிவிடும்.

சரி, இதெல்லாம் சில்லறை. என் முதல் படத்தில் ஒரு தூண்டில்காரர், தன் குடும்பம் மீன்பிடிக்கும் பாரை, அதாவது கடலடிப் பாறைத் திட்டை, கடலில் எப்படிக் கண்டுபிடிப்பது என்று சொன்னார். கோயில் முகப்பும் பின்னால் மலை உச்சியும் ஒரே நேராக வரவேண்டும். இன்னொரு பக்கம் வேறு இரண்டு அடையாளம். அருமையான காட்சி. நாகர்கோவிலில் ஒரு மண்டபத்தில் திரையிட்டேன், நல்ல கைதட்டல். ஊருக்கு அப்புறம்தான் கொண்டுபோனேன். பார்த்து முடித்ததும் அந்தத் தூண்டில்காரர், "பாரைக் காட்டிக் கொடுத்திட்டியே மக்கா" என்றார். அவர் இப்போதும் டீ வாங்கித் தருவார். அவர் மகன் என்னோடு பேசுவதில்லை.

1967இல் கனடாவின் ஃபோகோ தீவில் காலின் லோ என்ற இயக்குநர் செய்ததை அந்தச் சண்டைக்குப் பிறகுதான் படித்தேன். அதுவும் மீன்பிடிக்கிற தீவு. ஆட்களை வேறிடத்தில் குடியேற்ற அரசு முயன்ற காலம். அவர் இருபதுக்கும் மேற்பட்ட குட்டிப் படங்கள் எடுத்து, முதலில் தீவுக்காரர்களுக்கே போட்டுக் காட்டினார். ஒரு ஊர் சொன்னதை அடுத்த ஊர் பார்த்தது. பின்னால் அங்கே மீனவர் கூட்டுறவு உருவாக அதுவும் ஒரு காரணம். ஆக, வேறு யாருக்கும் காட்டும் முன் பாட்டாவுக்குக் காட்டுங்கள். அவர் வெட்டச் சொன்னதை வெட்டுங்கள்.

மீன்காரி மகள்:
அண்ணன் சொல்வது சரி. 2017 நவம்பர் கடைசியில் ஒக்கிப் புயல் அடித்தபோது எங்கள் தெரு முழுக்கக் கேமரா. ஒருவர் என் மாமியை இன்னொரு தடவை அழச் சொன்னார், முதல் தடவை வெளிச்சம் போதவில்லையாம்! அந்தப் படம் எங்கள் கண்ணில் பட்டதே இல்லை. பென்டிரைவில் ஒரு காப்பி பாட்டா வீட்டுக்கும் கொடுங்கள் டீச்சர்.

இன்னொன்று, கயிறு இழுத்த ஆண்களை மட்டும் எடுத்தால் பாதிப் படம்தான். எங்கள் அம்மா ஓலைக் கடவத்தில் மீன் சுமந்து உள்நாட்டு ஊர்களுக்கு நடந்தவர். எந்த வீட்டில் எவ்வளவு பாக்கி என்று இன்றைக்கும் சொல்வார்.

கடற்கரை டீச்சர்:
நேற்று மடியோடு போனோம். நாற்பது நிமிடம் பேசினார், அதில் பாதி தன் தம்பிக்கு வசவு. ஞாயிறு கடலுக்குப் போகமாட்டார்கள் என்பதால் அன்று சாயந்தரம் குருசடிப் பக்கத்தில், அந்தச் சின்னச் சிலுவைக் கோயில் பக்கத்தில், வேட்டியைத் திரையாகக் கட்டிப் படத்தைப் போட்டுக் காட்டப் போகிறோம். தம்பியைத் திட்டியதை வெட்டச் சொல்கிறார் பாட்டா. தம்பி வந்து, வெட்டக் கூடாது என்கிறார்.