பட்டறை வீடு குழு: தீபாவின் மோதிரம்

தீபா: அம்மா, செலுக் வந்துவிட்டோம். பாலியில், தென்பசாருக்கும் உபுட்டுக்கும் நடுவில் இருக்கிற ஊர். தெரு முழுக்க வெள்ளிதான். இன்று மோதிரம் செய்யும் வகுப்பு.

அம்மா: இங்கே இன்னும் காபியே ஆகவில்லை. அங்கே மணி என்ன?

தீபா: பத்து. உங்களுக்கு இரண்டரை மணி நேரம் முன்னால் இருக்கிறோம்.

வாணி சித்தி: ஊர் சுற்றப் போன இடத்திலும் வகுப்பா? போய்க் கடலைப் பாரும்மா.

பெரியப்பா: எவ்வளவு நேரம்?

தீபா: மூன்று மணி நேரம் பெரியப்பா.

பெரியப்பா: மூன்று மணி நேரத்தில் அரம்கூடக் கைக்கு வராது. என்னைச் சேலம் செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிப் பட்டறையில் சேர்த்துவிட்டபோது கரி உடைக்கத்தான் விட்டார்கள். அப்புறம் டீ வாங்க.

கார்த்தி: நீங்கள் சம்பளம் வாங்கிக்கொண்டு போனீர்கள் பெரியப்பா. இவள் காசு கொடுத்துப் போயிருக்கிறாள். கரி உடைக்கச் சொல்லமாட்டார்கள் 😀

அம்மா: எவ்வளவு கொடுத்தாய்?

தீபா: நாலு லட்சம்.

அம்மா: என்னது!!

தீபா: இந்தோனேசிய ரூபாய் அம்மா. நம் பணத்தில் இரண்டாயிரத்துச் சொச்சம். அதில் ஐந்து கிராம் வெள்ளியும் சேர்த்தி. அதற்கு மேல் போனால் கிராம் கணக்கில் தனியாகக் கட்ட வேண்டும்.

பெரியப்பா: எத்தனை டச்?

தீபா: 92.5. அதாவது நூற்றுக்கு 92.5 பங்கு வெள்ளி, மீதி செம்பு.

பெரியப்பா: சரி. மோதிரத்துக்கு அதுதான் சரி. சுத்த வெள்ளியில் செய்தால் வளைந்துவிடும்.

தீபா: [புகைப்படம்]

தீபா: இதுதான் உட்காரும் இடம். பலகை ஓரத்தில் தென்னங்குருத்தில் பின்னிய சின்னத் தட்டு தெரிகிறதா? பூவும் ஊதுபத்தியும் வைத்திருக்கிறார்கள். அதற்கு அப்புறம்தான் நெருப்பையே தொடுகிறார்கள்.

அம்மா: நல்ல பழக்கம்.

தீபா: 210 நாளுக்கு ஒரு முறை தும்பெக் லண்டெப் என்று ஒரு நாள் வருமாம். அன்றைக்கு சுத்தி, அரம், கத்தி எல்லாவற்றுக்கும் படையல். இப்போது பைக், கார் எல்லாம் சேர்ந்துகொண்டன என்று மாஸ்டர் சிரிக்கிறார்.

கார்த்தி: நம் ஆயுத பூஜையேதான். பைக்குக்குப் பொட்டு வைப்பது உட்பட.

தீபா: அவர் பண்டே குலம். இரும்பு, வெண்கலம், தங்கம், வெள்ளி எல்லாம் அவர்கள் தொழில். அவர்களுக்குக் குலத்திலேயே தனிப் பூசாரிகள் உண்டாம்.

பெரியப்பா: நம் பக்கம் கம்மாளர்களிலும் அந்த வழக்கம் உண்டு. அது கிடக்கட்டும். ஊதுகுழலா, கேஸா?

தீபா: இரண்டும் இல்லை. பெட்ரோல் டப்பாவில் இருந்து குழாய் வருகிறது. காலால் மிதித்தால் காற்று உள்ளே போய்ப் பெட்ரோல் ஆவியைத் தள்ளிக்கொண்டு வருகிறது. மிதிக்கிற வேகத்துக்கு ஏற்ப நெருப்பு கூடும், குறையும்.

பெரியப்பா: வீடியோ போடு.

தீபா: மிதிக்கவா, வீடியோ எடுக்கவா? கை இரண்டுதான் இருக்கிறது. இருங்கள், அவரை எடுக்கச் சொல்கிறேன்.

தீபா: [வீடியோ]

பெரியப்பா: [குரல் செய்தி 1:47]

கார்த்தி: ஆபீசில் இருக்கிறேன். யாராவது கேட்டு எழுதுங்கள்.

வாணி சித்தி: நான் எழுதுகிறேன். "கால் மிதி நல்ல ஏற்பாடு, இரண்டு கையும் சும்மா இருக்கும். எங்களுக்கு வாயால் ஊதி ஊதிக் கன்னம் வலித்தது. ஆனால் பெட்ரோல் பக்கத்தில் அந்தப் பெண் தலைமுடியை விரித்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது, கட்டச் சொல்." மீதியெல்லாம் பழைய கதை.

தீபா: கட்டிவிட்டேன்!

தீபா: உருக்கியாகிவிட்டது. மூசையில், அதுதான் உருக்குகிற கிண்ணத்தில், வெள்ளி மணிகளைப் போட்டு, வெங்காரம் தூவி, மிதி மிதி என்று மிதித்தேன். திடீரென்று எல்லாம் கூடி ஒரே உருண்டையாகி ஆடுகிறது. அச்சில் ஊற்றினால் உடனே கட்டியாகிவிட்டது.

பெரியப்பா: சுத்த வெள்ளி 962 டிகிரியில் உருகும். செம்பு சேர்த்தால் 900க்குள்ளேயே இளகும். வெங்காரம் போடாவிட்டால் செம்பு காற்றுப் பட்டுக் கறுத்துக் கெடுத்துவிடும். அப்புறம் என்ன? கம்பியா, தகடா?

தீபா: இரண்டும். கட்டியை உருளையில் விட்டுத் தட்டையாக்கினோம். கொஞ்சத்தை அச்சுத் துளைகளில் ஒவ்வொன்றாக இழுத்துக் கம்பியாக்கினோம். நாலைந்து துளை தாண்டியதும் கம்பி விறைத்துக்கொள்கிறது. சிவக்கக் காய்ச்சி ஆற வைத்தால்தான் மறுபடியும் இழுக்க வருகிறது.

பெரியப்பா: இந்த இடத்தில் அவசரப்பட்டால் கம்பி அறுந்துவிடும். பொறுமையாகச் செய்.

அம்மா: அண்ணா, நீங்கள் இங்கே உட்கார்ந்து அங்கே வகுப்பு எடுக்கிறீர்கள்.

தீபா: [புகைப்படம்]

தீபா: இனிதான் முக்கியமான வேலை. பாலி நகைகளில் பொடிப் பொடியாக மணி வைத்திருப்பார்களே, அது. கம்பியைத் துண்டு துண்டாக நறுக்கிக் கரிக்கட்டை மேல் வைத்துச் சூடு காட்டுகிறோம். ஒவ்வொரு துண்டும் தானாகவே உருண்டு கடுகு மாதிரி ஆகிவிடுகிறது. யாரும் உருட்டுவதில்லை.

கார்த்தி: உருகிய உலோகம் சின்னத் துளியாக இருந்தால் பரப்பு இழுவிசை அதை உருண்டையாக்கிவிடும். பத்தாம் வகுப்பில் படித்தோமே.

வாணி சித்தி: அதை மோதிரத்தில் எப்படி நிற்க வைப்பார்கள்? உருண்டு ஓடாதா?

தீபா: அதற்குத்தான் பசை. எதில் செய்கிறார்கள் தெரியுமா? [புகைப்படம்]

அம்மா: இது குன்றிமணி!

பெரியப்பா: குன்றிமணியேதான்.

தீபா: கல்லில் தண்ணீர் விட்டு இந்த விதையை உரசினால் வெள்ளையாகப் பசை வருகிறது. தூரிகை நுனியில் பசையைத் தொட்டு, மணியைத் தூக்கி, இடம் பார்த்து வைக்க வேண்டும். மேலே பற்றாசுப் பொடி தூவிச் சூடு காட்டினால் பசை எரிந்துபோகும், பொடி உருகி மணியைப் பிடித்துக்கொள்ளும்.

வாணி சித்தி: கையைக் கழுவும்மா! குன்றிமணி உள்ளே விஷம். தோல் உடையாமல் விழுங்கினால் தப்பலாம், அரைத்தது வயிற்றுக்குள் போனால் ஆள் காலி.

தீபா: கழுவிவிட்டேன் சித்தி. மாஸ்டரும் அதையேதான் சொன்னார். வகுப்பில் சின்னப் பிள்ளைகள் இருந்தால் பசைக் கல்லை எடுத்து மேலே வைத்துவிடுவாராம்.

பெரியப்பா: எங்கள் காலத்தில் தங்க ஆசாரிகள் தராசுத் தட்டில் குன்றிமணி வைத்து எடை போட்டதைப் பார்த்திருக்கிறேன். ஒரு குன்றி 0.12 கிராம் வரும்.

கார்த்தி: அப்படியென்றால் தீபாவுக்குக் கொடுத்த வெள்ளி சுமார் நாற்பது குன்றி.

பெரியப்பா: தீபா, பற்ற வைக்கும்போது பொருளைப் பார், நெருப்பைப் பார்க்காதே. மங்கலாகச் சிவக்க வேண்டும். பொடி பளிச்சென்று ஓடியதும் காலை எடு. மோதிரமே கண்ணாடி மாதிரி மின்னினால் கதை முடிந்தது.

தீபா: பக்கத்தில் ஓர் ஆஸ்திரேலியப் பெண்ணுக்கு அப்படியே ஆனது. அழகான பூ மோதிரம், கண் மூடித் திறப்பதற்குள் உருகி வெறும் உருண்டை. மாஸ்டர் முகம் சுளிக்கவே இல்லை. எடுத்து மறுபடியும் மூசையில் போட்டுவிட்டார்.

பெரியப்பா: வெள்ளி எங்கே போகப் போகிறது? உழைப்புதான் போச்சு.

(மதியம்)

தீபா: [புகைப்படம்]

தீபா: முடிந்தது! 4.8 கிராம்.

அம்மா: அய்யோ, அழகு! கறுப்பாக இருக்கிறதே?

தீபா: வேண்டுமென்றே கறுக்க வைத்தது அம்மா. பள்ளத்தில் கறுப்பு நின்றால்தான் மணிகள் எடுப்பாகத் தெரியும். மேடான இடத்தை மட்டும் தேய்த்து வெளுப்பாக்கினோம். எதில் தேய்த்தோம் என்று பெரியப்பா சொல்லட்டும்.

பெரியப்பா: பித்தளை பிரஷ், பூந்திக்கொட்டைத் தண்ணீர்.

தீபா: சரியாகச் சொல்லிவிட்டீர்கள்!

பெரியப்பா: சேலத்திலும் அதுதான் போடுவோம். அதற்கு முன்னால் அழுக்கு எடுக்க? ஆசிடா, படிகாரமா?

தீபா: படிகாரம். தண்ணீரில் போட்டுக் கொதிக்க வைத்திருந்தார்கள்.

பெரியப்பா: அப்படியென்றால் பரவாயில்லை. நெருங்கிப் படம் எடுத்துப் போடு.

தீபா: [புகைப்படம்]

பெரியப்பா: மணி வரிசை இடது பக்கம் நன்றாக நிற்கிறது. வலது பக்கம் யார் வைத்தது?

தீபா: வலதுதான் நான் பெரியப்பா. இடது அவர் வைத்துக் காட்டியது.

பெரியப்பா: தெரிகிறது.

கார்த்தி: 😀😀

பெரியப்பா: சிரிக்காதே. வலது பக்கத்திலும் ஒரு மணிகூட உதிரவில்லை. முதல் நாளுக்கு அது பெரிய விஷயம்.

வாணி சித்தி: கடையில் வாங்கினால் இது என்ன விலை?

தீபா: அதே ஊரில் இதைவிட நேர்த்தியான மோதிரம் இதைவிடக் குறைந்த விலைக்கே கிடைக்கிறது சித்தி. லாபக் கணக்குப் பார்த்தால் வகுப்புக்கே போகக் கூடாது. மாஸ்டரின் மனைவி உட்கார்ந்து ஒரு தோட்டில் மணி வைத்துக்கொண்டிருந்தார். ஒரு தோட்டில் நூற்றுக்கு மேல் இருக்கும். நான் பதினைந்து வைப்பதற்குள் கழுத்து பிடித்துக்கொண்டது. அந்தத் தோட்டுக்கு முன்னால் நின்று பேரம் பேச எனக்கு வாய் வரவில்லை.

பெரியப்பா: கொலுசுக்கும் அதே கதைதான். கம்பி இழுப்பவர் ஒருவர், பற்ற வைப்பவர் ஒருவர், சலங்கை கோப்பவர் ஒருவர், மெருகு போடுபவர் ஒருவர். கடையில் செய்கூலி என்று ஒரே வரியில் போட்டுவிடுவார்கள்.

கார்த்தி: தீபா, அடுத்த மாதம் நாங்கள் வருகிறோம் இல்லையா, எங்கே பதிவு செய்வது? ஓட்டல்காரர் ஓர் இடம் சொல்கிறார்.

தீபா: ஓட்டல், டிரைவர் சொல்வதை அப்படியே நம்பாதே. கமிஷன் இருக்கும். செலுக்கில் பெரிய சாலையில் இருப்பதெல்லாம் ஷோரூம். சந்துக்குள் போனால்தான் வீட்டுப் பட்டறைகள். பதிவு செய்வதற்கு முன் ஒன்றே ஒன்று கேள்: உருக்குவதிலிருந்து தொடங்குவார்களா, ரெடிமேட் கம்பியைக் கையில் கொடுப்பார்களா? சில இடங்களில் நாம் தட்டுவதோடு சரி, பற்ற வைப்பதெல்லாம் அவர்களே செய்துவிடுகிறார்கள். நான் முதலில் விசாரித்த இடம் அப்படித்தான் இருந்தது.

கார்த்தி: என்கூட வருகிறவள் நெருப்பு என்றால் பயப்படுவாளே.

தீபா: அப்படியென்றால் அவளுக்கு அந்த மாதிரி இடமே நல்லது. இல்லாவிட்டால் நீ மிதி, அவள் மணி வைக்கட்டும். பருத்தித் துணி போட்டு வரச் சொல், துப்பட்டா வேண்டாம். காலையிலேயே போங்கள், மதியம் பட்டறைக்குள் வெந்துவிடுவீர்கள்.

பெரியப்பா: கார்த்தி, வரும்போது இரண்டு பிடி குன்றிமணி கொண்டு வா. அந்தப் பசையை நான் செய்து பார்க்க வேண்டும்.

தீபா: விதையெல்லாம் விமான நிலையத்தில் விடமாட்டார்கள் பெரியப்பா.

அம்மா: எதற்குக் கடல் தாண்டி? நம் வாய்க்கால் வேலியில் கொடி கொடியாகக் காய்த்துக் கிடக்கிறது.

பெரியப்பா: அதுவும் சரி. ஞாயிற்றுக்கிழமை பறித்து வைம்மா. வீட்டில் பழைய கரிக்கட்டை இருக்கிறது.

வாணி சித்தி: கையுறை போட்டுப் பறியுங்கள்!! அப்புறம் கார்த்தி, ஐந்து கிராமில் எனக்கு ஒரு ஜோடி மெட்டி வருமா?

கார்த்தி: வருமா பெரியப்பா?

பெரியப்பா: வரும். கம்பியை ஒன்றரை மில்லிமீட்டருக்கு இழுத்து இரண்டு சுற்று சுற்று. வாணி, கால் விரல் அளவை நூலில் எடுத்து அனுப்பு. இரண்டு காலுக்கும் தனித்தனியாக எடு, ஒன்று போல இருக்காது.